ஐந்தாம் வினாவின் முதல் வரி

ரீச்சர்,

இன்று பின்னேரம் தர்ஷினி விறாந்தையில் கதிரையைப் போட்டுக்கொண்டு நகத்துக்குச் சிவப்புப் பூசிக்கொண்டிருந்தாள். நான் குசினியில் தேங்காய் திருவிக்கொண்டிருந்தேன். அந்த மணம் காற்றோடு உள்ளே வந்ததும் என் கை நின்றுவிட்டது.  யாரோ வாசற் படலைக்கு வந்துவிட்டார்கள் என்று நினைத்து எட்டிப் பார்த்தேன். ஊருக்குள் மாடு மாதிரித் திரிகிற மான்கள் இரண்டு நின்று பக்கத்து வீட்டுக் குப்பையைக் கிளறிக்கொண்டிருந்தன, வேறு ஒருவரும் இல்லை. அறுபத்தெட்டு வயதில் நகப்பூச்சு மணத்துக்குப் பயந்து, கையில் தேங்காய்ப் பாதியோடு நிற்கிற மனுஷி திருகோணமலையிலேயே நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன்.

நீங்கள் இருந்திருந்தால் சிரித்திருப்பீர்கள். "கமலா, பயப்பிடுறதுக்கு ஒரு பட்டம் இருந்தா அது உமக்குத்தான்" என்று சொல்லியிருப்பீர்கள். நீங்கள் போய்ப் பதினொரு மாதம் ஆகிறது. கடைசி மூன்று வாரமும் ஆசுப்பத்திரியில் உங்கள் கட்டிலடியில் வந்து இருந்தேன். சொல்ல வேண்டிய ஒன்று இருந்தது. இருபத்தொரு நாளும் தோடம்பழம் உரித்துத் தந்தேனே தவிர அதைச் சொல்லவில்லை. கேட்பதற்கு நீங்கள் இல்லாமல் போன பிறகுதான் எனக்கு வாய் வருகிறது. என் குணம் உங்களுக்குத் தெரியும்.

தர்ஷினியை உங்களுக்கு ஞாபகம் இருக்கும், குச்சவெளியில் இருக்கிற என் தம்பியின் மகள். நீங்கள் கடைசியாகக் கண்டபோது பல்கலைக்கழகத்தில் இரண்டாம் வருடம். இப்போது கடைசி வருடம், என்னோடுதான் தங்கியிருக்கிறாள். பட்டத்துக்காக ஓர் ஆய்வுக் கட்டுரை எழுதுகிறாள். தலைப்பைச் சொன்னாள்: தென்கிழக்காசிய நாடுகளின் அரசியலில் இராணுவத்தின் வகிபாகம். ஆட்சியில் படைக்கு என்ன பங்கு என்பதுதான். அன்று இரவு எனக்குச் சோறு இறங்கவில்லை. ஏன் என்று அவள் கேட்டாள், வாய்வு என்று சொன்னேன். அவளுக்குத் தமிழ்த் தட்டச்சு ஓடாது. "மாமி, நீங்க முப்பது வருசம் பள்ளிக்கூடத்தில தட்டினனீங்கள்தானே, இதைக் கணினியில தட்டித் தாங்கோ" என்று கையெழுத்துக் கொப்பியை மேசையில் வைத்துவிட்டுப் போனாள்.

அந்தத் தலைப்பை நான் தட்டுவது இது இரண்டாம் முறை.

துறைமுகத்துக்குப் போகிற வீதியில் எங்கள் பள்ளிக்கூடம். நீங்கள் உயர்தர வகுப்புக்கு அரசியல் படிப்பித்தீர்கள், நான் கந்தோரில் தட்டெழுத்தாளர். சண்டைக் காலம். வாசலில் இராணுவத்தினர் மணல்மூட்டை அடுக்கிச் சென்றிக் காவலரண் ஒன்று போட்டிருந்தார்கள். கொஞ்ச நாளைக்குத்தான் என்று அதிபரிடம் சொல்லிவிட்டுப் போட்டது. வருடக்கணக்கில் அது அங்கேயே நின்றது. பிள்ளைகள் அதற்குள் துவக்கோடு நிற்பவரைக் கடந்து, புத்தகப் பையைத் திறந்து காட்டிவிட்டு வகுப்புக்கு வருவார்கள். ஒவ்வொரு புதன்கிழமையும் முகாமிலிருந்து ஓர் அதிகாரி தமிழ் வாசிக்கத் தெரிந்த ஒருவரையும் கூட்டிக்கொண்டு வருவார். அதிபரின் கதிரையில் இருப்பார். அதிபர் அலுமாரிக்குப் பக்கத்தில் நிற்பார். மேல் வகுப்புக் கொப்பிகளை வாங்கிப் புரட்டிப் பார்ப்பார்கள். விளையாட்டுப் போட்டிக்கும் பரிசளிப்புக்கும் பிரதம விருந்தினர் யார் என்று நாங்கள் யோசிக்கத் தேவையில்லை, அவர்தான்.

இந்த வாசலுக்கு உள்ளே இருந்துகொண்டு நீங்கள் எந்தப் பாடத்தைப் படிப்பித்தீர்கள் என்று இப்போதும் நினைத்துப் பார்ப்பேன். கந்தோரும் உங்கள் வகுப்பும் ஒரே சுவர். நான் தட்டிக்கொண்டே கேட்பேன். இந்தோனேசியாவில் படையினருக்குப் பாராளுமன்றத்திலேயே ஆசனம், அவர்கள் தேர்தலில் நிற்கத் தேவையில்லை, நாட்டைக் காப்பதும் எங்கள் வேலை, நடத்துவதும் எங்கள் வேலை என்று வைத்திருந்தார்கள் என்பீர்கள். தாய்லாந்தில் யுத்தத் தாங்கி தெருவுக்கு வரும், பழைய அரசியலமைப்பு போகும், புதியது எழுதப்படும், சனம் அடுத்த நாள் கடை திறக்கும் என்பீர்கள். பர்மாவில் தேர்தலையும் வைத்தார்கள், தோற்றும் போனார்கள், ஆனால் கதிரையை விட்டு எழும்பவில்லை என்பீர்கள். பிலிப்பைன்சில் மட்டும் சனம் தாங்கிக்கு முன்னால் முழங்காலில் இருந்து செபமாலை சொன்னதைச் சொல்லும்போது உங்கள் குரல் கொஞ்சம் மாறும். கடைசியில் எப்போதும் ஒரே வசனம்: "வாறவை எல்லாரும் கொஞ்ச நாளைக்கெண்டுதான் வருவினம், பிள்ளையள். எழுதிக்கொள்ளுங்கோ." பிள்ளைகள் எழுதிக்கொள்வார்கள். வாசலைப் பார்த்து ஒருவரும் சிரிக்க மாட்டார்கள்.

ஒருநாள் தேத்தண்ணி நேரத்தில் கேட்டேன், உங்களுக்குப் பயமில்லையா என்று. "இருக்கு. அதாலதான் தாய்லாந்தைச் சொல்லுறன். தூரத்து வீட்டுச் சண்டையெண்டா பிள்ளையள் பயமில்லாமல் நிண்டு பாப்பினம்" என்றீர்கள். நான் அதை அன்று சரியாக விளங்கிக்கொள்ளவில்லை.

தவணைப் பரீட்சைக்கு நீங்கள் எழுதித் தந்த வினாத்தாளில் ஐந்தாவது கேள்வி இரண்டு வரி. முதல் வரி, "தென்கிழக்காசிய நாடுகள் சிலவற்றை உதாரணமாகக் கொண்டு". இரண்டாவது வரி, "அரசியலில் இராணுவத்தின் வகிபாகத்தை ஆராய்க." ஸ்டென்சில் மெழுகுத்தாளில் தட்டி முடித்த பிறகு அதையே பார்த்துக்கொண்டிருந்தேன். முந்தின புதன்கிழமைதான் சரித்திர ஆசிரியரின் சுவர்ப்படத்தை அவர்கள் சுருட்டிக்கொண்டு போயிருந்தார்கள். இராணுவம் என்ற சொல் வினாத்தாளில் கறுப்பாக நிற்கிறது, தட்டியது நான். அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய் என்பார்கள். அந்த நாட்களில் எங்கள் ஊர் இருட்டில் சிலவேளை உண்மையாகவே பேயும் நின்றது.

அழித்துவிடலாம் என்று முடிவெடுத்தேன். உங்களிடம் கேட்கவில்லை. கேட்டால் வேண்டாம் என்பீர்கள் என்று எனக்குத் தெரியும், இல்லை, தெரியும் என்று நினைத்தேன். ஐந்தாவது கேள்வியை முழுதாக அழித்து, அந்த இடத்தில் உள்ளூராட்சி பற்றி ஒரு கேள்வியைப் பழைய தாளிலிருந்து எடுத்துத் தட்டுவது, பிறகு "உங்கட கையெழுத்து விளங்கேல்ல ரீச்சர்" என்று ஏதாவது சொல்லிச் சமாளிப்பது. இதுதான் என் திட்டம்.

ஸ்டென்சிலில் பிழை விட்டால் எழுத்தின் துளையை அடைக்கப் பூசுகிற சிவப்பு மை அப்போது ஊருக்கு வருவதில்லை. நான் கிண்ணியா நானாவின் பான்சிக் கடையில் நகப்பூச்சு வாங்கி வைத்திருந்தேன், அதே மணம், அதே வேலை. "ஆருக்குக் கலியாணம் தங்கச்சி?" என்று ஒவ்வொரு முறையும் பகிடி பண்ணுவார். "தட்டெழுத்து மெசினுக்கு" என்பேன். அந்தப் போத்தலைத் திறந்து, தூரிகையைத் துடைத்து, முதல் வரியின் மேல் பூசினேன். அது காய்வதற்குள் வெளியே விசில் சத்தம் கேட்டது. சுற்றிவளைப்பு, படையினர் சோதிக்க வருகிறார்கள், எல்லோரும் வீட்டுக்குப் போங்கள் என்று அதிபர் ஓடி வந்தார். நான் மூடியைக்கூடத் திருகாமல் கைப்பையை எடுத்துக்கொண்டு ஓடினேன்.

அடுத்த நாள் காலை நான் வருவதற்கு முன்னமே பியோன் ஸ்டென்சிலை எடுத்து ரோனியோ மெசினில் சுற்றி அச்சடித்து, தாள்களை எண்ணிக் கட்டி முத்திரையும் வைத்துவிட்டார். ஒரு பிரதி என் மேசையில் கிடந்தது. ஐந்தாவது கேள்விக்கு முதல் வரி இல்லை. "அரசியலில் இராணுவத்தின் வகிபாகத்தை ஆராய்க" என்பது மட்டும் தனியாக நின்றது. பரீட்சைக்கு ஒரு மணித்தியாலம் இருந்தது, ரீச்சர். சுவருக்கு அந்தப் பக்கம் நீங்கள் இருந்தீர்கள். நான் எழும்பி வந்து சொல்லவில்லை. பிள்ளைகளுக்குத் தெரியும்தானே எந்தப் பாடம் என்று, அவர்கள் தாய்லாந்தைத்தான் எழுதுவார்கள் என்று என்னை நானே தேற்றிக்கொண்டு அந்தத் தாளை மடித்து மேசை லாச்சிக்குள் வைத்தேன்.

அவர்கள் தாய்லாந்தை எழுதவில்லை.

இரண்டு நாள் கழித்துப் பின்னேரம் நீங்கள் என் வீட்டுக்கு வந்தீர்கள். கையில் சந்தைப் பை, மேலே முருங்கைக்கீரை, கீழே விடைத்தாள் கட்டு. கதவைச் சாத்தச் சொன்னீர்கள். கட்டைப் பிரித்து என் மடியில் வைத்து, "வாசியும்" என்றீர்கள். இருபத்திரண்டு பேரில் பதினெட்டுப் பேர் ஐந்தாவதை எழுதியிருந்தார்கள். ஒரு பிள்ளை தன் அண்ணனைச் சந்தியில் பஸ்ஸால் இறக்கிக் கொண்டுபோன நாளை எழுதியிருந்தது, பஸ்ஸின் இலக்கத்தோடு. இன்னொன்று முகாமின் பெயரை எழுதியிருந்தது. முன்வாங்கில் இருந்து எல்லாவற்றையும் அழகாக எழுதுமே அந்தப் பிள்ளை, அது பரீட்சை முறைப்படி முன்னுரை, உடல், முடிவுரை என்று பிரித்தே எழுதியிருந்தது. "எங்கள் வீட்டைச் சோதிக்க வந்தவர்கள் அப்பாவின் கதிரையில் இருந்தார்கள். அப்பா நின்றார். எனவே அரசியலில் இராணுவத்தின் வகிபாகம் என்பது யார் இருப்பது, யார் நிற்பது என்பதாகும் எனக் கூறலாம்."

எல்லாத் தாளிலும் பரீட்சைச் சுட்டெண் இருந்தது. எல்லாம் அந்தந்தப் பிள்ளையின் கையெழுத்து. வருகிற புதன்கிழமைக்கு மூன்று நாள் இருந்தது.

"முதல் வரிக்கு என்ன நடந்தது, கமலா?" என்று கேட்டீர்கள்.

"தட்டேக்க விடுபட்டிட்டுது ரீச்சர்" என்றேன்.

நீங்கள் என் முகத்தைப் பார்த்தீர்கள். "சரி, ஆருக்கும் விடுபடும்" என்றீர்கள். பிறகு, "ஸ்டென்சில் எங்க?" என்றீர்கள். ரோனியோ அறையில் கொளுவியிருக்கிறது என்றேன். "நாளைக்குக் காலமை நான் எடுத்துப்போடுறன். நீர் அந்தப் பக்கம் போகாதையும்."

எரிக்க ஏலாது. என் வீட்டு முற்றம் சந்தியில் இருந்த சென்றிக்கு நேரே தெரியும், பட்டப்பகலில் கடதாசிப் புகை எழும்பினால் ஐந்து நிமிடத்தில் வந்து நிற்பார்கள். தாட்டால் மண் புதிதாகத் தெரியும். கடலில் போடலாமென்றால் கடற்கரைக்குப் போக அனுமதி இல்லை. நான் அழுதுவிட்டேன். நீங்கள் குசினிக்குள் போய்ச் சுற்றிப் பார்த்துவிட்டு, மூலையில் கிடந்த என் பழைய கடகத்தைத் தூக்கிக்கொண்டு வந்தீர்கள். பனையோலை விட்டுப்போய் அரிசி ஒழுகுகிற கடகம். "வெந்தயம் இருக்கோ?" என்று கேட்டீர்கள்.

எங்கள் வீடுகளில் வழமையாகச் செய்வதுதான். பழைய கடதாசியையும் வெந்தயத்தையும் ஊறப்போட்டு, உரலில் இடித்து, ஓட்டை விழுந்த கடகத்துக்கும் சுளகுக்கும் பூசுவோம். ஆருக்கும் சந்தேகம் வராது. நீங்கள் ஒவ்வொரு தாளாக வாசித்து, பிறகு கிழித்து வாளிக்குள் போட்டீர்கள். வாசிக்காமல் ஒன்றையும் போடவில்லை. "இதுக்கு எழுபது குடுக்கலாம்." "இது எண்பது." கதிரையைப் பற்றி எழுதிய பிள்ளையின் தாளைக் கனநேரம் வைத்திருந்தீர்கள். புள்ளி சொல்லவில்லை. நான்காய்க் கிழித்துத் தண்ணீருக்குள் அமத்தினீர்கள். உங்கள் கை மணிக்கட்டு வரை நனைந்திருந்தது.

அடுத்த நாள் வகுப்பில் முதல் வரியை வாயால் சொல்லி அதே கேள்வியைத் திரும்ப எழுதச் சொன்னீர்கள். ஏன் என்று ஒரு பிள்ளையும் கேட்கவில்லை. சுவருக்கு இந்தப் பக்கம் இருந்து நான் அந்த அமைதியைக் கேட்டுக்கொண்டிருந்தேன். எல்லோரும் தாய்லாந்தை எழுதினார்கள்.

நான் கடகத்துக்குப் பூசி முற்றத்தில் காயவைத்தேன். கூழ் முழுக்க நீலப் புள்ளி. பேனை மை முழுதாகக் கரையவில்லை. அடுத்த சுற்றிவளைப்பில் என் வீட்டுக்கு வந்த படையினரில் ஒருவர், சின்ன வயசுதான், கடகத்துக்குப் பக்கத்தில் குந்தியிருந்து விரலால் தட்டிப் பார்த்தார். "என்ன இது அக்கா?" என்று கொச்சைத் தமிழில் கேட்டார். "கடகம்" என்றேன். குனிந்து மணந்து பார்த்தார். "எங்கட அம்மாவும் செய்யிறது" என்று சொல்லிவிட்டு எழும்பிப் போனார்.  அன்றைக்கு எனக்கு அவர் மேல் பயமும் வந்தது, என்னவோ ஒரு இரக்கமும் வந்தது. அந்த அம்மா எந்த ஊரில் இருந்தாரோ.

தப்பிவிட்டோம் என்று நினைத்தோம். இத்தனை புத்தியாகச் செய்த நாங்கள் ஒன்றை மறந்துபோனோம். விடைத்தாளைத்தானே பிள்ளைகள் தந்துவிட்டுப் போவார்கள். வினாத்தாளை வீட்டுக்குக் கொண்டுபோவார்கள்.

ஒரு பிள்ளையின் பையில் இருந்து வாசல் சென்றியில் எடுத்திருக்கிறார்கள். புதன்கிழமை அதிகாரி வந்தபோது அந்தத் தாள் அதிபரின் மேசையில் விரிந்து கிடந்தது. உங்களைக் கூப்பிட்டார்கள். கதவு பாதி திறந்திருந்தது. நான் என் மெசினுக்கு முன்னால் விரலை எழுத்தின் மேல் வைத்தபடி இருந்தேன். தட்டவும் பயம், தட்டாமல் இருந்தால் கேட்கிறேன் என்று நினைப்பார்களே என்றும் பயம்.

கேள்வியை எழுதியது யார் என்று அவர் ஆங்கிலத்தில் கேட்டார். நான்தான் என்றீர்கள். தட்டியது யார் என்று கேட்டார்.

"அதுவும் நான்தான். கந்தோர்ப் பிள்ளை அண்டைக்கு லீவு. எனக்குத் தட்டத் தெரியாது, அதாலதான் ஒரு வரி விடுபட்டது."

உங்களுக்குக் கதிரை தரவில்லை. தென்கிழக்காசியா என்றால் அந்தப் பாடத்தைச் சொல்லு பார்ப்போம் என்றார். நீங்கள் நின்றபடியே சொன்னீர்கள். இந்தோனேசியா, தாய்லாந்து, பர்மா, வகுப்பில் சொல்கிற அதே ஒழுங்கில். பிலிப்பைன்சைக்கூட விடவில்லை. அவர் இடைமறிக்காமல் கேட்டார். முடிவில் நல்ல பாடம் என்று சிரித்ததாகப் பிறகு சொன்னீர்கள். அந்தச் சிரிப்புத்தான் உங்களைப் பயப்படுத்தியது என்றும் சொன்னீர்கள். கொஞ்ச நாளைக்கு என்ற வசனத்தை மட்டும் நீங்கள் அன்று சொல்லவில்லை. நான் சுவரடியில் அதற்காகக் காத்துக்கொண்டிருந்தேன்.

இரண்டு கிழமையில் உங்களுக்கு வெருகலுக்கு இடமாற்றம் வந்தது. அதிபர் பயந்து தானே எழுதிக் கேட்டாராம், உங்களைக் காப்பாற்றத்தான் என்று என்னிடம் சத்தியம் பண்ணினார். அது உண்மையாகவும் இருக்கலாம், எல்லோருக்கும் பயம்தானே. "கொஞ்ச நாளைக்குத்தான் ரீச்சர்" என்று உங்களிடம் சொன்னார். உங்கள் முகத்தில் வந்த சிரிப்பை நான் மறக்கமாட்டேன். நாலு வருடம். லாஞ்சில் கடல் கடந்து மூதூருக்குப் போய், அங்கிருந்து பஸ் கிடைத்தால் பஸ், இல்லாவிட்டால் டிராக்டர். அன்புவழிபுரத்து வீட்டில் உங்கள் அம்மா தனிய. அம்மா போன அன்று பாதையை இராணுவம் பூட்டியிருந்தது. நான்தான் வாய்க்கரிசிக்கு நின்றேன். நீங்கள் மூன்றாம் நாள் வந்து வெறும் முற்றத்தில் நின்றுகொண்டு, "நீர் நிண்டது பெரிய ஆறுதல், கமலா" என்று என் கையைப் பிடித்தீர்கள். அந்தக் கையால்தான், ரீச்சர், அந்த வரியின் மேல் பூசினேன். அன்று சொல்லியிருக்க வேண்டும். சொன்னால் நீங்கள் கையை எடுத்துவிடுவீர்களே என்று பயந்தேன்.

திரும்பி வந்த பிறகு எத்தனை ஞாயிற்றுக்கிழமை இந்த விறாந்தையில் இருந்து கதைத்திருப்போம். சண்டை முடிந்தது, சென்றி எடுபட்டது, மணல்மூட்டை இருந்த இடத்தில் பூமரம் வைத்தார்கள். பர்மாவில் திரும்பவும் படை ஆட்சியைப் பிடித்த செய்தியை இங்கேதான் தொலைக்காட்சியில் பார்த்தோம். ஒரு வருடத்துக்கு மட்டும் என்று அறிவித்தார்கள். நீங்கள் தேத்தண்ணிக் கோப்பையைக் கீழே வைத்துவிட்டு, "பாத்தீரே, திரும்பவும் கொஞ்ச நாளைக்காம்" என்றீர்கள். இருவரும் சிரித்தோம்.  அந்த வருடம் முடிந்து எத்தனையோ தடவை நீட்டிவிட்டார்கள்.

தர்ஷினியின் கட்டுரையைத் தட்டத் தொடங்கினேன். நன்றாக எழுதியிருக்கிறாள், உங்களிடம் படித்த பிள்ளை போல. நாலு அத்தியாயம் அந்த நாடுகள். ஐந்தாவது அத்தியாயத்தைப் புரட்டினேன். அது இங்கே. எங்கள் துறைமுகப் பக்கம். இங்கே தேர்தல் நடக்கிறது, ஆட்சி மாறுகிறது, தாங்கி பாராளுமன்றத்துக்குப் போவதில்லை, ஆகவே அங்கே போல இங்கே என்று ஆராயாமல் எழுந்தமானமாகச் சொல்லக்கூடாது என்று நேர்மையாகத்தான் தொடங்குகிறாள். பிறகு கேட்கிறாள்: ஒரு பள்ளிக்கூடப் பரிசளிப்பில் நடுக்கதிரையில் யார் இருப்பது என்று யார் முடிவு செய்கிறார்? தன் அப்பா வள்ளம் இழுத்த கரையில் வேலி வந்தபோது, எந்தச் சபையில் வாக்கெடுத்து அந்த வேலி போடப்பட்டது? பெயர், இடம் எல்லாம் இருக்கிறது. முன்பக்கத்தில் அவளுடைய முழுப்பெயரும் பதிவிலக்கமும் இருக்கிறது.

போன செவ்வாய்க்கிழமை காலை, அவள் வகுப்புக்குப் போன பிறகு, ஒருவர் மோட்டார் சைக்கிளில் வந்தார். விபரம் எடுக்கிறோம் என்றார். நல்ல தமிழ். வீட்டில் எத்தனை பேர், யார் யார் என்று கேட்டு எழுதினார்.

"பிள்ளை கம்பசில என்ன படிக்குது அம்மா?"

"அரசியல்."

"கட்டுரை எழுதோணுமே கடைசி வருசம். என்னத்தைப் பற்றி எழுதுது?"

 யாரோ பின்னால் நின்று எடுத்துத் தந்த மாதிரிச் சொன்னேன்: "தென்கிழக்காசியா தம்பி. தாய்லாந்து, பர்மா. எல்லாம் தூர நாடு." அவர் அதையும் எழுதிக்கொண்டு, கொப்பியை மூடி, தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டுப் போனார். யாரோ எவரோ தெரியாது. மெய்யாகவே குடும்ப விபரம் எடுக்க வந்தவராகவும் இருக்கலாம். அவர் போன பிறகு வாசற்படியில் இருந்துவிட்டேன். நீங்கள் அந்த முதல் வரியை எதற்காக எழுதினீர்கள் என்று முப்பது வருடம் கழித்து என் வாசற்படியில்தான் விளங்கியது. பிள்ளைகளுக்கு மேலே நீங்கள் போட்டு வைத்த கூரை அது. நான் போய்க் கூரையைப் பிரித்துவிட்டு வந்திருக்கிறேன்.

அன்றிலிருந்து தினமும் ஐந்தாம் அத்தியாயத்தைத் திறப்பதும் மூடுவதுமாக இருந்தேன். இப்போது நகப்பூச்சும் தேவையில்லை, ஒரு விசையைத் தட்டினால் போதும். அதுவரை தட்டியது முழுவதையும் தெரிவு செய்து, விரலை அந்த விசையின் மேல் வைத்தும் பார்த்தேன். தட்டும்போது எப்படியோ போய்விட்டது பிள்ளை, கணினி சாப்பிட்டுவிட்டது என்று சொல்லலாம். ஒப்படைக்கிற நாளுக்கு அண்மையில் என்றால் திரும்பத் தட்ட நேரமும் இருக்காது. திட்டம் எல்லாம் தயார், ரீச்சர். அதே கமலாதான்.

இன்று அந்த மணம் வந்தது. தேங்காயை வைத்துவிட்டுக் குசினி வாசற்படியில் இருந்தேன். சிவப்பு எப்படி ஸ்டென்சிலில் மினுங்கும் என்று நினைத்தேன், வெளிச்சத்துக்குப் பிடித்தால் பளிச்சென்று ஒரு பட்டையாகத் தெரியும். அப்போதுதான் ஒன்று விளங்கியது. விடுபட்ட வரிக்குச் சிவப்பு இருக்காது. தட்டிவிட்டுப் பிறகு அழித்த வரிக்குத்தான் இருக்கும். அந்த ஸ்டென்சிலை எடுக்கப் போனது நீங்கள். "நீர் அந்தப் பக்கம் போகாதையும்" என்று சொல்லிவிட்டு, நீங்கள் தனிய எடுத்தீர்கள். எடுத்த கையோடு வெளிச்சத்துக்குப் பிடித்துப் பார்க்காத ஆளா நீங்கள்? பார்த்திருப்பீர்கள். அது புதன்கிழமைக்கு முன்னால். அப்படியென்றால் அதிபர் அறையில் நின்று, தட்டினதும் நான்தான் என்று நீங்கள் சொன்னபோது உங்களுக்கு எல்லாம் தெரியும். வெருகலுக்கு லாஞ்ச் ஏறும்போது தெரியும். வெறும் முற்றத்தில் என் கையைப் பிடிக்கும்போது தெரியும். இருபத்தொரு நாள் தோடம்பழம் வாங்கிச் சாப்பிடும்போதும் தெரியும்.

நான் குசினியில் இருந்து அழுதேன். தர்ஷினி ஓடி வந்தாள், ஈர நகத்தோடு இரண்டு கையையும் விரித்துப் பிடித்தபடி. எல்லாவற்றையும் அவளுக்குச் சொன்னேன். வரியை, கடகத்தை, உங்களை, செவ்வாய்க்கிழமை வந்த ஆளை, ஐந்தாம் அத்தியாயத்தின் மேல் நான் வைத்த விரலை. கோபிப்பாள் என்று நினைத்தேன். கோபிக்கவில்லை.

"அண்டைக்கு நீங்க அவவிட்டக் கேட்டிருந்தா அவ என்ன மாமி சொல்லியிருப்பா?"

"அழிக்காதையும் எண்டு சொல்லியிருப்பா. இல்லாட்டி, ஓம், இந்த முறை விடுவம் எண்டும் சொல்லியிருப்பா. எனக்குத் தெரியாது பிள்ளை. கேக்கேல்லயே நான்."

"அப்ப என்னட்டக் கேளுங்கோ."

கேட்டேன். ஐந்தாம் அத்தியாயம் இருக்கட்டுமா, எடுக்கட்டுமா என்று.  அவள் நகத்தை ஊதினாள். 

"வந்த ஆளை நினைச்சாப் பயமாத்தான் இருக்கு" என்றாள். "ஆனா அழிக்காதேங்கோ, மாமி. அப்பாவுக்கு வாசிச்சுக் காட்டிப்போட்டன். அவர் ஓம் எண்டவர்."

பிறகு அந்தக் கடகத்தைக் காட்டச் சொன்னாள். அலுமாரிக்கு மேலிருந்து இறக்கினேன். இப்போதும் அதில்தான் செத்தல் மிளகாய் வைக்கிறேன். மாரி காலத்தில் வெந்தய மணம் வரும். நீலப் புள்ளிகள் மங்கிவிட்டன, ஆனால் இருக்கின்றன. அவள் விரல் நுனியால் ஒவ்வொன்றாகத் தொட்டுப் பார்த்தாள், எழுத்து ஏதாவது மிஞ்சியிருக்குமா என்று தேடுகிற மாதிரி. ஒன்றும் வாசிக்க ஏலாது. எனக்கு அந்தப் பிள்ளையின் கதிரை வசனம் இன்றும் மனப்பாடம், அதைச் சொன்னேன். தன் கட்டுரையில் போடலாமா என்று கேட்டாள். எழுதிய பிள்ளை இப்போது எங்கே இருக்கிறதோ, அதைத் தேடிக் கேட்டுவிட்டுப் போடு என்றேன்.

ஐந்தாம் அத்தியாயத்தை இப்போதுதான் தட்டி முடித்தேன். ஒரு வரியும் விடவில்லை. இடைக்கிடை தெருவில் மோட்டார் சைக்கிள் சத்தம் கேட்டது, ஒவ்வொன்றுக்கும் கை நின்று, அது தாண்டிப் போன பிறகு திரும்ப ஓடியது. பயம் போகவில்லை, ரீச்சர். எனக்கு அது போகாது. நாளைக்கு யாராவது வந்து நின்றால் என்ன செய்வேன் என்று தெரியாது.

கடைசிப் பக்கத்தில் அடியில் கொஞ்ச இடம் இருந்தது. தட்டியவரின் பெயரை அங்கே போடுகிற வழக்கம் உண்டு. நான் என் வாழ்க்கையில் ஒருநாளும் போட்டதில்லை. தர்ஷினியிடம் கேட்டேன், போடட்டுமா என்று. "உங்கட விருப்பம் மாமி, உங்களுக்குப் பயமில்லையெண்டா" என்றாள். பயம் என்றேன். பிறகு தட்டினேன், முழுப்பெயரும். இரண்டு தடவை எழுத்து மாறி விழுந்தது. மூன்றாம் தடவை சரியாக விழுந்தது.

அன்று அதிபர் அறையில் நீங்கள் எனக்காக ஒரு பொய் சொன்னீர்கள். இதை அதற்குக் கீழே வைத்துக்கொள்ளுங்கள், ரீச்சர். தட்டினது நான்தான்.

கமலா